நிலுவையில் ஓர் இஸ்திரி வண்டி

1

கவுன்சிலிலிருந்து, அதாவது இந்த வெள்ளைக்காரன் ஊர் நகராட்சியிலிருந்து, கடிதம் வந்துவிட்டது. முடியாதாம். வீட்டு வாசலில் நடைபாதை விளிம்பைக் கொஞ்சம் சரித்துக் கொடுத்தால் காரை உள்ளே ஏற்றி நிறுத்திக்கொள்வேன் என்று கேட்டிருந்தேன். பக்கத்தில் ஒரு மரம் இருக்கிறதாம், அதன் வேர் கெட்டுப்போகுமாம். அளவு குறித்த படம் ஒன்று, வருத்தம் தெரிவித்து இரண்டு வரி, மேல்முறையீடு என்றால் யாருக்கு எழுத வேண்டும் என்ற விவரம், எல்லாம் ஒரே தாளில். விண்ணப்பம் போட்டு ஒரு மாதம்கூட முழுசாக ஆகவில்லை.

அந்த விண்ணப்பத்தை எழுதியபோதே வீட்டில் ஒரு கூத்து நடந்தது. "மரியாதைக்குரிய ஐயா" என்பதை இங்கிலீஷில் போட்டு ஆரம்பித்து, "கைண்ட்லி டூ த நீட்ஃபுல்" என்று முடித்திருந்தேன். என் மகள் ரித்திகா, பன்னிரண்டு வயது, படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். "அப்பா, யாருமே இப்படி எழுத மாட்டாங்க. ராஜா காலமா இது?" என்று முதல் வரியையும் கடைசி வரியையும் அழித்துவிட்டாள். "ஆவன செய்யுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்" என்று எழுதிப் பழகிய கை என்னுடையது. பணிவு இல்லாமல் ஓர் அலுவலகத்துக்கு எழுத எனக்கு வராது.

கடிதத்தைப் பார்த்து என் மனைவி சுதா, "பரவால்லையே, பதில் சொல்லிட்டாங்களே" என்றாள். ரித்திகா எட்டிப் பார்த்து, "நோ சொல்லிட்டாங்க. தட்ஸ் இட். தெருவுல நிறுத்திக்கலாம்பா" என்று சொல்லிவிட்டு மாடிக்குப் போய்விட்டாள். நான் மட்டும் அதைத் திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டிருந்தேன். காருக்காக இல்லை. கார் எங்கே நின்றால் எனக்கென்ன? சென்னையில் என் அக்காவுக்கும் இதே மாதிரி ஒரு பதில் வந்தது. அதுவும் நடைபாதை விவகாரம்தான், கோர்ட் தலையிட்ட பிறகு அதுவும் சீக்கிரமாகத்தான் வந்தது. கோர்ட்டே சொல்லிவிட்டது, இனி என்ன பயம் என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிகிற நம் ஊர்க்காரர்கள் இதைக் கொஞ்சம் படித்தால் நல்லது.

2

இங்கே நான் வேலை பார்ப்பது ஆஸ்பத்திரித் துணிகளை வெளுக்கும் ஒரு தொழிற்சாலையில். வெளுப்பது இயந்திரம், இயந்திரம் நின்றுபோனால் அதைக் கிளப்பிவிடுவது நான். சூடான உருளைகளுக்கு நடுவே ஈரப் போர்வையை விட்டால், மறுபக்கம் சுருக்கமே இல்லாமல் வந்து விழும். வந்த புதிதில் அதை வீடியோவில் அக்காவுக்குக் காட்டினேன்.

"அடேங்கப்பா! இம்மாம் பெரிய இஸ்திரி பொட்டியா? கரி எம்மாம்டா போடுவ?"

"கரி இல்லக்கா, நீராவி."

"அப்ப சூடு பதமா கீதான்னு எப்டி பாப்ப? நாலு சொட்டு தண்ணி தெளிச்சி பாரு. சுர்ருன்னு சொல்லணும்."

ஆஸ்பத்திரிக்கே அக்கா பாடம் எடுக்கிறாள் என்று நான் சிரிக்க, என் சூப்பர்வைசர் என்ன ஏது என்று வந்து பார்த்துவிட்டுப் போனார். கடல் தாண்டி வந்தும் எங்கள் குடும்பம் இஸ்திரிப் பெட்டியை விடவில்லை.

அக்கா பெயர் மல்லிகா. அடையாறில் ஒரு குறுக்குத் தெரு, ஒரு தூங்குமூஞ்சி மரம், அதன் அடியில் நீலத் தார்ப்பாய் கட்டிய தள்ளுவண்டி. முதலில் அப்பா நின்று தேய்த்த இடம் அது. அப்பாவுக்குப் பிறகு அக்கா நின்றாள். அந்த வண்டியிலிருந்துதான் என்னைப் பாலிடெக்னிக் படிக்க வைத்தாள். அவள் புருஷன் செத்த பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாளே பெட்டியைத் தூக்கிக்கொண்டு அங்கேதான் வந்து நின்றாள்.

எங்கள் வீடு ஆற்றங்கரையில் இருந்தது. வெள்ளத்துக்குப் பிறகு அந்த வரிசையையே இடித்துவிட்டு, ஊருக்கு வெளியே பெரும்பாக்கத்தில் எட்டாவது மாடியில் அக்காவுக்கு ஒரு வீடு கொடுத்தார்கள். லிஃப்ட் ஓடினால் ஓடும். விடிவதற்கு முன் கிளம்பி, பஸ்ஸில் நின்றுகொண்டே அடையாறு வந்து, இருட்டின பிறகு திரும்புவாள். "அங்கேயே வண்டி போட்டா என்னக்கா?" என்று ஒருமுறை கேட்டுத் தொலைத்தேன்.

"அங்க எவன்டா இஸ்திரிக்கு போடறான்? எல்லாம் என்னிய மாதிரி ஜனம். அவங்கவங்க வூட்லயே தேச்சிக்கிறாங்க. இல்லாட்டி கசங்கினதையே மாட்டிகினு போறாங்க. எனுக்கு இந்த மரத்தடிதான்டா சோறு."

வீடு போய்விட்டது. ஆறும் போய்விட்டது, இப்போது சுவர் எழுப்பிவிட்டார்கள். அடையாறில் எங்களுக்கென்று மிச்சம் இருந்தது அந்த வண்டி நிற்கிற இடம் மட்டும்தான்.

3

அந்த இடத்துக்கு அனுமதி கேட்டு அக்கா மனுக் கொடுத்திருந்தாள். எப்போது என்று அவளுக்கே சரியாக நினைவில்லை. நான் விமானம் ஏறுவதற்கு முன்பு என்பது மட்டும் நிச்சயம். நடைபாதையில் தொழில் செய்பவர்களுக்கு போட்டோ ஒட்டிய அட்டை தருகிறார்கள் என்று யாரோ சொல்ல, போய்க் கொடுத்தாள். வாங்கிக்கொண்டதற்கு அடையாளமாக வட்ட முத்திரை குத்தி ஒரு சீட்டுக் கொடுத்தார்கள். அவ்வளவுதான். அதற்குப் பிறகு ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை.

அக்கா அந்தச் சீட்டை லேமினேட் செய்து, ஓட்டை போட்டு, வண்டிக் கம்பியில் கம்பி வைத்துக் கட்டிவிட்டாள். ஆயுத பூஜைக்கு இஸ்திரிப் பெட்டிக்குப் பொட்டு வைக்கும்போது சீட்டுக்கும் ஒரு பொட்டு வைப்பாள். பைத்தியமா என்று நான் கேலி செய்திருக்கிறேன். ஆனால் அந்தச் சீட்டு வேலை செய்தது, அதுதான் வேடிக்கை. நடைபாதைக் கடைகளை எடுக்க லாரி வரும். இன்ஸ்பெக்டர் இறங்கி வருவார். அக்கா பெட்டியைக் கீழே வைக்காமலே முகவாயால் சீட்டைக் காட்டுவாள்.

"மனு நிலுவைல கீது சார்."

அவர் குனிந்து, முத்திரையைப் பார்த்து, நோட்டில் 'மனு நிலுவையில் உள்ளது' என்று எழுதிக்கொண்டு போவார். அவருக்கும் மேலே சொல்ல ஒரு காரணம் கிடைத்தது. இன்ஸ்பெக்டர்கள் மாறினார்கள், ஆட்சிகள்கூட மாறின, வண்டி நகரவில்லை. இந்த ரகசியம் அந்தத் தெருக்களில் வண்டி போட்டிருக்கிற எல்லோருக்கும் தெரியும். காய்கறிக்காரர், செருப்புத் தைப்பவர், பூக்காரம்மா, ஆளுக்கு ஒரு சீட்டு வைத்திருந்தார்கள். பதில் வரவில்லையே என்று அவர்களில் யாரும் கவலைப்பட்டதில்லை.

அக்கா மட்டும் கவலைப்பட்டாள். அவளுக்கு அந்த அட்டை வேண்டும். ஆதாரிலிருந்து ரேஷன் கார்டு வரை எல்லாமே பெரும்பாக்கம் விலாசம். "நான் அடையாறுக்காரின்னு சொல்றதுக்கு எனுக்கு ஒரு அத்தாட்சி இல்லியே நைனா. பொறந்தது, வளந்தது, தாலி கட்னது, அறுத்தது எல்லாம் இங்க. ஒரு அட்டைல என் மூஞ்சிய போட்டு 'அடையாறு'ன்னு எழுதி குட்த்தா இன்னா கொறைஞ்சா பூடுவாங்க?" என்பாள். கேட்க நியாயமாகத்தான் இருந்தது. இப்போதும் நியாயமாகத்தான் இருக்கிறது.

4

எதிர் அபார்ட்மெண்டில் ஒரு வக்கீல் இருக்கிறார். அவருடைய வெள்ளைச் சட்டை, கறுப்பு கவுன், கழுத்துப் பட்டி எல்லாம் அக்கா கைதான். நல்ல மனுஷர், அவரை நான் இன்றுவரை குறை சொன்னதில்லை. ஒரு நாள் கவுனை வாங்க வந்தவர், கம்பியில் தொங்கும் சீட்டைப் படித்திருக்கிறார்.

"ஏம்மா மல்லிகா, இது எத்தனை வருஷத்துக்கு முன்னாடி கொடுத்தது! இன்னுமா பதில் சொல்லாம உக்காந்துண்டிருக்கா? அநியாயமா இருக்கே. நான் ஒரு ரிட் போடறேன். பைசா வேண்டாம். இத்தனை நாளைக்குள்ள முடிவு சொல்லுன்னு கோர்ட் சொல்லிட்டா, அவா சொல்லியே ஆகணும், தெரியுமோ?"

போட்டார். கேஸ் வந்த அன்று அக்கா வேலைக்கு லீவு போட்டு, நல்ல புடவை கட்டிக்கொண்டு ஐகோர்ட்டுக்குப் போனாள். கூப்பிட்டதும் முடிந்துவிட்டதாம். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து எங்களுக்கு ஆட்சேபணை இல்லை என்று சொல்லிவிட்டாராம். மனுவைப் பரிசீலித்து, சட்டப்படி எட்டு வாரத்துக்குள் தக்க முடிவு எடுக்க வேண்டும் என்று உத்தரவு. எதிரியே ஒத்துக்கொண்டான் என்று அக்காவுக்குத் தலைகால் புரியவில்லை. ஆட்சேபிக்க அவர்களுக்கு என்ன இருந்தது? முடிவு எடு என்றால் எடுத்துவிட்டுப் போகிறார்கள். எந்த முடிவு என்று கோர்ட் சொல்லவில்லையே. இதெல்லாம் இப்போது உட்கார்ந்து எழுதும்போது வருகிற புத்தி. அன்றைக்கு எங்கள் எல்லோருக்கும் ஒன்றுதான் தெரிந்தது, கோர்ட்டில் ஜெயித்துவிட்டோம்.

அக்கா லட்டு வாங்கினாள். தேய்த்து மடித்த ஒவ்வொரு மூட்டை மேலும் காகிதத்தில் சுற்றி ஒரு லட்டு வைத்து வீட்டுக்கு வீடு அனுப்பினாள். கோர்ட் உத்தரவையும் லேமினேட் செய்து, பழைய சீட்டுக்குப் பக்கத்தில் கட்டினாள். போட்டோ எடுத்து எனக்கு அனுப்பினாள். நான் அதை ஊர் நண்பர்கள் குரூப்பில் போட்டேன். கைதட்டும் பொம்மைகளாக வந்து குவிந்தன.

அன்று மாலை வீடியோவில் ரித்திகாவைக் கூப்பிட்டு, உத்தரவைப் படித்துக் காட்டச் சொன்னாள் அக்கா. உத்தரவு இங்கிலீஷில் இருந்தது. தம்பி மகள் வாயால் கேட்க அவளுக்கு ஆசை. ரித்திகா செய்தி வாசிக்கிற மாதிரி முழுசும் படித்தாள். படித்து முடித்துவிட்டு என்னைப் பார்த்தாள்.

"அப்பா, இதுல ஆன்ட்டி வின் பண்ணலையே. ரிப்ளை பண்ணுன்னுதானே ஜட்ஜ் சொல்றாரு?"

"ஆன்ட்டி இல்ல, அத்தை" என்று நான் திருத்தினேன். அவள் சொன்னதில் நான் திருத்தியது அது ஒன்றைத்தான். அக்கா போனுக்குள் வாய்விட்டுச் சிரித்தாள். "கொயந்திக்கு நம்ம ஊர் கோர்ட்டு பத்தி இன்னா தெரியும்! வெள்ளக்காரன் ஊர்ல வளர்ற புள்ள. கண்ணு, அத்தை ஜெயிச்சிட்டேன்டி!" ரித்திகா தோளைக் குலுக்கிவிட்டு எழுந்து போனாள். அதற்குப் பிறகு அத்தையோடு பேசு என்றால் ஹோம்வொர்க் இருக்கிறது என்கிறாள். நாங்கள் எல்லோரும் சேர்ந்து அவளைப் பார்த்துச் சிரித்தது அவளுக்குப் பிடிக்கவில்லை போலிருக்கிறது.

லட்டு இன்ஸ்பெக்டருக்கும் போனது. அவர் அதைக் கையில் வைத்துக்கொண்டு, தின்னாமல், வண்டியில் தொங்கிய புதுக் காகிதத்தையே பார்த்துக்கொண்டு நின்றாராம்.

"ஏம்மா, நான் உன்ன எப்பனா எதுனா கேட்டேனா? உன் மனு பாட்டுக்கு தூங்கிகினு இருந்துச்சி. நீ உன் வேலய பாத்த, நான் என் வேலய பாத்தேன். இப்ப போய் அத தட்டி எயுப்பிட்டியே."

அக்கா இதை என்னிடம் சொல்லிச் சொல்லி மகிழ்ந்தாள். "பய்ந்துட்டான்டா! கோர்ட்டு பேர கேட்டதும் மூஞ்சி செத்துப்போச்சி அவனுக்கு!"

5

எட்டு வாரம் முடிவதற்கு முன்பே பதில் வந்தது. முழுசாக மூன்று பக்கம். எங்கள் பரம்பரையில் ஓர் அலுவலகம் எங்களுக்கு அத்தனை நீளமாக எதையும் எழுதியதில்லை. தெருவின் அகலம், நடைபாதையின் அகலம், அந்தத் தெரு வியாபாரத்துக்கு ஒதுக்கப்பட்ட தெரு இல்லை என்பது, குடியிருப்போர் ஆட்சேபணை, எல்லாவற்றையும் வரிசையாக எழுதி, மனு நிராகரிக்கப்படுகிறது, வண்டியை அகற்ற வேண்டும் என்று முடித்திருந்தார்கள். காகிதத்தின் தலையில் 'பார்வை' என்று போட்டு முதல் வரியில் அக்காவின் ஐகோர்ட் உத்தரவு எண். அவள் லட்டு கொடுத்து, லேமினேட் செய்து கட்டிய அதே உத்தரவு. அதை வைத்தே அவளை எழுப்பிவிட்டார்கள்.

இனி எந்த இன்ஸ்பெக்டராலும் குனிந்து பார்த்துவிட்டுப் போக முடியாது. நிலுவை என்று எழுத நிலுவையில் ஒன்றும் இல்லை. விட்டுவைத்தால் கோர்ட்டுக்கு யார் பதில் சொல்வது என்று அவருக்கு பயம்.

ஒரு காலை நேரம், அக்கா பெரும்பாக்கம் பஸ்ஸில் வந்துகொண்டிருந்தபோதே லாரி வந்துவிட்டது. பூக்காரம்மா போன் பண்ணினாளாம். அக்கா பஸ்ஸிலிருந்து இறங்கி ஓடி வந்து பார்த்தால், மரத்தடியில் சாம்பல் மட்டும் இருக்கிறது. இஸ்திரிப் பெட்டி எதிர் அபார்ட்மெண்ட் வாட்ச்மேன் அறையில் பூட்டி வைத்திருந்ததால் தப்பியது. அதைத் தூக்கிக்கொண்டு நடு ரோட்டில் நின்றபடி எனக்கு போன் செய்தாள். அழவில்லை. "வண்டி இல்லடா. வண்டி இருந்த எடமே சின்னதா கீதுடா" என்று திரும்பத் திரும்ப அதையே சொன்னாள். எனக்கு இங்கே இரவு ஷிஃப்ட், தொழிற்சாலையில் நின்றுபோன ஓர் உருளைக்கு அடியில் படுத்திருந்தேன். எழுந்து வெளியே வந்து, கார் நிறுத்துமிடத்தில் நின்று, எவனையென்று இல்லாமல் எல்லோரையும் சென்னைத் தமிழில் வண்டை வண்டையாகத் திட்டினேன். யாருக்கும் புரியாது என்பது ஒரு வசதி. வேறு என்ன வசதி இருக்கிறது இங்கே?

வக்கீல் தன் கார் ஷெட்டில் மேஜை போட்டுத் தேய்த்துக்கொள்ளச் சொன்னார். சில நாள் ஓடியது. பிறகு அபார்ட்மெண்ட் சங்கத்தில் கரி, புகை, வெளியாள் நடமாட்டம் என்று பேச்சுக் கிளம்பியது. இவர்கள் வீட்டுச் சட்டைகளைத்தான் அக்கா அத்தனை வருஷமும் தேய்த்தாள். லட்டையும் தின்றவர்கள்தான். வக்கீல் வந்து அக்கா முன்னால் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றிருக்கிறார்.

"மன்னிச்சுக்கோம்மா. நான் நல்லதுன்னு நெனைச்சுதான் பண்ணினேன். இன்னும் வழி இருக்கு. மேல்முறையீடு போடலாம். அதையும் சீக்கிரம் முடிக்கணும்னு கோர்ட்ல ஒரு டைரக்ஷன் வாங்கிடறேன்."

அக்கா அவரைப் பார்த்து, கையெடுத்துக் கும்பிட்டே சொன்னாளாம்: "அப்பீலு போடு சார். ஒனுக்கு புண்ணியமா பூடும். ஆனா ஜல்தியா முடிங்கன்னு மட்டும் எவன்கிட்டயும் கேக்காத சார்."

6

அப்பீல் போட்டாகிவிட்டது. இப்போதெல்லாம் ஆன்லைனில்தான் போட வேண்டுமாம். அக்காவுக்கு மின்னஞ்சல் கிடையாது. வக்கீல் என்னுடைய முகவரியைக் கொடுத்துவிட்டார். ஆகவே பதில் என்று ஒன்று வந்தால் அது முதலில் இங்கே, என் போனில்தான் வந்து விழும். காலையில் கண் விழித்ததும் திறந்து பார்க்கிறேன். விளம்பரம் இருக்கும், பள்ளிக்கூடத்திலிருந்து ஏதாவது இருக்கும். சென்னையிலிருந்து ஒன்றும் இருக்காது.

வக்கீல் போன மாதம் ஒரு போட்டோ அனுப்பினார். வண்டி நின்ற இடத்தில் சிமெண்ட் தொட்டிகள் வைத்து குரோட்டன்ஸ் நட்டிருக்கிறார்கள். சுற்றி முழங்கால் உயரத்துக்கு இரும்புக் கம்பி. பார்க்கச் சுத்தமாகத்தான் இருக்கிறது. நாளைக்கே அப்பீலில் அக்கா பக்கம் முடிவானாலும் அந்தத் தொட்டிகளை யாரும் நகர்த்தப் போவதில்லை. எனக்குத் தெரியும், வக்கீலுக்கும் தெரியும். போட்டோவை அக்காவுக்கு அனுப்ப வேண்டாம் என்றார். அனுப்பவில்லை. ஆனால் லீவு நாளில் அவள் அடையாறு பஸ் ஏறிப் போய்ப் பார்க்காமலா இருப்பாள், அவளுக்குக் கண் இல்லையா?

அக்கா இப்போது பெருங்குடியில் ஒரு ஐ.டி. ஆபீஸில் தரை துடைக்கிறாள். நீலச் சீருடை, கழுத்தில் போட்டோ ஒட்டிய அட்டை. அட்டையில் பெருங்குடி என்று இருக்கிறது. யூனிஃபார்மை மட்டும் மற்றவர்கள் யாரும் தேய்க்காத அளவுக்கு மடிப்பு நிற்கத் தேய்த்துக்கொண்டு போகிறாளாம். கூட வேலை செய்கிற பெண்கள், "இன்னாக்கா, கலெக்டர் மாதிரி வர்ற" என்று கிண்டல் செய்கிறார்கள் என்று சொன்னாள். சொல்லிவிட்டு அவள் சிரிக்கவில்லை. அதனால் நானும் சிரிக்கவில்லை.

அவளுக்கு மத்தியானச் சாப்பாட்டு நேரம், எனக்கு இங்கே காலை. தினமும் அந்த நேரத்துக்குக் கூப்பிடுகிறாள். முன்பெல்லாம் ரித்திகாவைக் கேட்பாள், சுதாவைக் கேட்பாள், குளிரா என்று கேட்பாள். இப்போது எடுத்த எடுப்பில் ஒரே கேள்வி. இன்றும் அதையேதான் கேட்டாள்.

"நைனா, பதில் எதுனா வந்துச்சா?"

"ஒண்ணும் வரலக்கா."

"நல்லா பாத்தியா? எனுக்கோசரம் மறைக்கலியே?"

"இல்லக்கா. மெய்யாலுமே வரல."

அவள் மூச்சு விடுவது எனக்குக் கேட்டது.

"அப்பாடா," என்றாள். "அப்ப இன்னும் அது நம்ம எடம்தான்."